மெஷின் நல்லாத்தான் இருக்கு சார், பேட்டரிதான் கிடைக்கல!

கொஞ்சம் நீளமான பதிவு. நேரமில்லாதவர்கள் கடைசியில் இருக்கும் ஐந்து கோரிக்கைகளை மட்டுமாவது படித்துவிடுங்கள். வீட்டில் பழைய கார்ட்லெஸ் டிரில் வைத்திருப்பவர்கள் நடுவில் இருக்கும் எச்சரிக்கைகளைக் கட்டாயம் படியுங்கள்.

போன ஆயுத பூஜைக்கு என் பழைய மாணவன் ஒருவன் வீட்டுக்குப் போயிருந்தேன். இங்கேதான், கோவிலம்பாக்கத்தில் இரண்டு தெரு தள்ளி. பத்தாம் வகுப்பில் என்னிடம் இயற்பியல் படித்தவன். இப்போது ரேடியல் ரோடு பக்கம் எழும்புகிற அடுக்குமாடி வீடுகளுக்கு மாடுலர் கிச்சன் பொருத்திக் கொடுக்கிறான். பலகையில் இழைப்புளி, உளி, சுத்தியல் எல்லாம் சந்தனம் குங்குமத்தோடு வரிசையாக இருந்தன. அப்பாவின் உளி இன்னும் வெட்டுகிறது என்று பெருமையாகச் சொன்னான். பக்கத்தில் ஒரு 14.4 வோல்ட் கார்ட்லெஸ் டிரில். அதற்கும் பொட்டு வைத்திருந்தான்.

"இது ஓடுதாடா?" என்று கேட்டேன்.

"மெஷின் நல்லாத்தான் இருக்கு சார். மோட்டார் கம்முனு ஓடும். பேட்டரிதான் கிடைக்கல. மாடல் நின்னுபோச்சாம்."

2013இல் வாங்கியது. அப்போது அவனுக்கு அது ஏறக்குறைய இருபது நாள் கூலி. மோட்டார், கியர், சக் எதுவும் கெடவில்லை. அப்பாவின் உளி ஐம்பது வருடமாக உழைக்கிறது. மகனின் டிரில் பத்து வருடத்தில் பூஜைக்கு மட்டும் ஆகிற பொருளாகிவிட்டது. இரண்டும் இரும்புதான். ஒன்றின் உயிரைத் தொழிலாளி தன் கையில் வைத்திருக்கிறான், இன்னொன்றின் உயிரைக் கம்பெனி வைத்திருக்கிறது. வித்தியாசம் அவ்வளவுதான்.

இதை முகநூலில் எழுதப் போகிறேன் என்றதும் காலை நடையில் வரும் நண்பர் சொன்னார்: "கம்பெனி என்ன தர்மசத்திரமா சார்? டெக்னாலஜி மாறுது, பழசைத் தூக்கிப் போட்டுட்டுப் புதுசு வாங்க வேண்டியதுதான். பழைய டிரில்லைக் கட்டிக்கிட்டு அழணுமா?"

அவருக்குத்தான் இந்தப் பதிவு.

முதலில் கதையின் மிச்சத்தைச் சொல்கிறேன். சர்வீஸ் சென்டரில் பேட்டரி இல்லை என்றதும் பையன் இணையத்தில் 'அதே மாதிரி' ஒன்றை வாங்கினான். மூன்று மாதத்தில் படுத்துவிட்டது. அடுத்து ஒரு கடைக்காரர், "பழைய செல்லைத் தூக்கிட்டு லித்தியம் போட்டுத் தர்றேன், சும்மா பறக்கும்" என்றார். போட்டும் கொடுத்தார். நிஜமாகவே பறந்தது. மூன்றாம் நாள் ராத்திரி, பழைய சார்ஜரில் மாட்டிவிட்டுப் படுத்திருக்கிறார்கள். இரண்டு மணிக்குப் புகை. எழுந்து பார்த்தால் பேட்டரி சீறிக்கொண்டு எரிகிறது, பக்கத்தில் சுருட்டி வைத்திருந்த பாயும் எரிகிறது. அடுத்த அறையில் நான்கு வயதுப் பெண் குழந்தை. நல்லவேளையாக மனைவிக்கு விழிப்பு வந்துவிட்டது. மணலையும் தண்ணீரையும் கொட்டி அணைத்திருக்கிறார்கள். பால்கனிச் சுவரில் அந்தக் கரி இன்னும் இருக்கிறது.

"நீங்க சொல்லிக் கொடுத்த பாடம்தானே சார், நான்தான் மறந்துட்டேன்" என்று சிரித்தான். எனக்குச் சிரிப்பு வரவில்லை. நான் அவனுக்குச் சொல்லிக் கொடுத்தது டார்ச் லைட் பேட்டரி. இதை எந்தப் பாடப் புத்தகத்திலும் நான் சொல்லித் தரவில்லை. எனவே இப்போது சொல்லிவிடுகிறேன்.

பழைய டிரில்களில் இருப்பது நிக்கல்-காட்மியம் செல். 1899இல் ஸ்வீடன்காரர் வால்டெமர் யுங்னர் கண்டுபிடித்தது. 1961இல் பிளாக் அண்ட் டெக்கர் வயரில்லாத டிரில்லைக் கொண்டுவந்தபோது அதற்குள் இருந்ததும் இதுதான். ஒரு செல் 1.2 வோல்ட். 12 வோல்ட் டிரில்லில் பத்து செல், 14.4 என்றால் பன்னிரண்டு, 18 என்றால் பதினைந்து. லித்தியம் அயனி செல் ஒன்று சுமார் 3.6 வோல்ட். நான்கைச் சேர்த்தால் அதே 14.4. கணக்கு சரியாகத்தானே இருக்கிறது என்று தோன்றும். ஆபத்தே அங்கேதான்.

நிக்கல்-காட்மியம் நிறைந்ததும் அதன் வோல்டேஜ் லேசாக இறங்கும், சூடு ஏறும். பழைய சார்ஜர்களில் சில அந்த இறக்கத்தையோ சூட்டையோ பார்த்துத்தான் நிறுத்தும். சில மலிவான சார்ஜர்கள் எதையும் பார்க்காது, ராத்திரி முழுக்கக் கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றிக்கொண்டே இருக்கும். லித்தியத்தில் அந்த இறக்கம் வராது. ஒரு செல் 4.2 வோல்ட்டைத் தொட்டதும் நிறுத்தியாக வேண்டும், நான்கு செல்லுக்கு 16.8. பழைய சார்ஜருக்கு இது தெரியாது. அது தள்ளிக்கொண்டே இருக்கும், செல் வீங்கும், வெடிக்கும். நடுவே பாதுகாப்பு போர்டும் இல்லையென்றால் கேட்கவே வேண்டாம். பையன் வீட்டில் நடந்தது இதுதான்.

இதைப் படித்துவிட்டு, "பார்த்தீர்களா, அதனால்தான் கம்பெனிகள் வெளி ஆளிடம் கொடுக்காதே என்கின்றன" என்று சிலர் சொல்வார்கள். ஒப்புக்கொள்கிறேன். வெளி ஆளிடம் கொடுப்பது ஆபத்துதான். அப்படியானால் உள் ஆள் எங்கே? பாதுகாப்பான பேட்டரியை விற்பதை நிறுத்திவிட்டு, பாதுகாப்பற்றதை வாங்காதே என்று எச்சரிக்கை ஒட்டுவது என்ன நியாயம்? கிணற்றை மூடிவிட்டு, குட்டைத் தண்ணீர் குடிக்காதே என்று போர்டு வைப்பது போலத்தான் இது. நாள் கூலிக்காரன் மெஷின் இல்லாமல் சைட்டுக்குப் போக முடியாது. அவன் குட்டைத் தண்ணீரைத்தான் குடிப்பான்.

அடுத்தது, "டெக்னாலஜி மாறிவிட்டது, பழைய வடிவத்தைத் தொடர முடியாது" என்ற வாதம். இது பொய் என்பதற்கு அந்தத் தொழிலே சாட்சி. ரியோபி நிறுவனம் 1996இல் ஒன் பிளஸ் என்ற 18 வோல்ட் வரிசையைக் கொண்டுவந்தது. அன்றைக்கு நிக்கல்-காட்மியம், பிறகு லித்தியம். உள்ளே ரசாயனமே மாறியும் மாட்டுகிற வாய் மாறவில்லை. மகிட்டா 2005இல் கொண்டுவந்த 18 வோல்ட் லித்தியம் வரிசை இன்றைக்கும் விற்பனையில் இருக்கிறது. டிவால்ட் தன் பழைய 18 வோல்ட் மெஷின்களில் புதிய லித்தியம் பேட்டரியை மாட்ட ஓர் அடாப்டரே செய்தது. ஐரோப்பாவில் மெட்டாபோ தலைமையில் 2018 முதல் பல கம்பெனிகள் ஒரே பேட்டரியைப் பகிர்ந்துகொள்கின்றன. ஆக, முடியும். முடியாது என்பவர்களுக்கு மனமில்லை.

மனமில்லாததற்குக் காரணம் தெரிந்ததுதான். ஒரு பேட்டரியின் விலையைக் கேட்டுப் பாருங்கள், பிறகு பேட்டரியோடு சேர்ந்த புது மெஷினின் விலையைக் கேளுங்கள். பல நேரம் கடைக்காரரே சிரித்துக்கொண்டு, "புதுசே எடுத்துக்கங்க சார்" என்பார். ஒரு கம்பெனியின் பேட்டரி வாங்கிவிட்டால் அடுத்த மெஷினையும் அதே கம்பெனியில்தான் வாங்க வேண்டும். எங்கள் காலத்து டார்ச் லைட்டை நினைத்துப் பாருங்கள். எந்தக் கம்பெனி டார்ச்சானாலும் எந்தக் கம்பெனிக் கட்டை பேட்டரியும் உள்ளே போகும். பெட்டிக்கடையில் கிடைக்கும். அன்று யாரும் இதை டெக்னாலஜி பின்னடைவு என்று சொல்லவில்லை.

இன்னொரு மோசடியையும் சொல்ல வேண்டும். இப்போது மலிவு மெஷின்களின் மேல் '48VF', '88VF' என்றெல்லாம் பெரிய எழுத்தில் அச்சடித்து விற்கிறார்கள். பத்தாம் வகுப்புக் கணக்குப் போடுங்கள். லித்தியம் செல் முழுதாக ஏறினால் 4.2 வோல்ட். 88 வோல்ட் வேண்டுமென்றால் குறைந்தது இருபத்தொரு செல் வரிசையாக வேண்டும். கழற்றிப் பாருங்கள், ஐந்து இருக்கும். அதிகம் போனால் ஐந்தைந்தாக இரண்டு அடுக்கு. ஐந்து நாலு புள்ளி இரண்டு இருபத்தொன்று. 21 வோல்ட் பேட்டரியை 88 என்று விற்பது அரிசிக் கடைக்காரர் ஒரு கிலோவை நான்கு கிலோ என்று எழுதி விற்பதற்குச் சமம். அரிசிக் கடைக்காரரை எடைக்கல் அதிகாரி பிடிப்பார். இவர்களை யார் பிடிப்பது? உதிரி செல்களிலும் இதே கதைதான். 18650 என்கிற, 18 மில்லிமீட்டர் விட்டமும் 65 மில்லிமீட்டர் நீளமும் உள்ள செல்லில் நல்ல கம்பெனியுடையதே சாதாரணமாக 3500 எம்.ஏ.ஹெச். சுற்றுவட்டாரம்தான். 9800 என்று எழுதியிருந்தால் அது அப்பட்டமான பொய்.

சரி, வைதது போதும். வீட்டிலும் சைட்டிலும் இருக்கும் பழைய மெஷினை எப்படிக் காப்பாற்றுவது?

நிக்கல்-காட்மியம் வைத்திருப்பவர்களுக்கு:

1. "முழுசா செத்த பிறகுதான் சார்ஜ் போடணும்" என்று சொல்லி, டிரில் விசையில் டேப் ஒட்டி ஓடவிடுகிறார்கள். செய்யாதீர்கள். பன்னிரண்டு செல்லில் பலவீனமான ஒன்று முதலில் காலியாகும், மற்ற பதினொன்றும் சேர்ந்து அதைத் தலைகீழாக ஏற்றிவிடும். அத்தோடு அந்த செல் போச்சு. மெஷின் வேகம் குறைந்ததும் நிறுத்துங்கள், அது போதும்.

2. சூடாக இருக்கும்போது சார்ஜ் போடாதீர்கள். நம் ஊர் மே மாதத்தில் மொட்டை மாடியில் வேலை செய்துவிட்டு உடனே சார்ஜரில் சொருகுவதுதான் பாதி பேட்டரிகளைக் கொல்கிறது. அரை மணி நேரம் நிழலில் ஆறவிடுங்கள்.

3. சும்மா வைத்திருந்தாலே சில மாதத்தில் சார்ஜ் இறங்கிவிடும். அதனால் செத்துவிட்டது என்று முடிவு கட்டாதீர்கள். ஒருமுறை ஏற்றி, ஒவ்வொரு செல்லையும் மல்டிமீட்டரில் பாருங்கள். 1.2க்குக் கொஞ்சம் மேலே இருந்தால் உயிர் இருக்கிறது. ஏற்றிய பிறகும் பூஜ்யம் காட்டுவது போனது.

4. வெல்டிங் மெஷினையோ கார் பேட்டரியையோ தொட்டு 'எழுப்பும்' வித்தை வேண்டாம். எழுந்தாலும் நாலு நாளைக்குத்தான். கண்ணில் தெறித்தால் ஆயுளுக்கும் பார்வை போகும்.

5. மாற்றினால் முழு செட்டாக, ஒரே கம்பெனி, ஒரே அளவு செல்லாக மாற்றுங்கள். பழையதோடு புதியதைக் கலந்தால் பழையதுதான் முழு செட்டின் ஆயுளை முடிவு செய்யும். 'சப்-சி' அளவு செல் என்று கேளுங்கள். ரிச்சி தெருவில் தேடினால் கிடைக்கும். நிக்கல் பட்டையில் ஸ்பாட் வெல்டிங் செய்யச் சொல்லுங்கள். செல்லின் தலையில் நேரடியாகச் சால்டரிங் வைத்தால் உள்ளே சூடேறிக் கெடும். பழைய பேக்கில் இருக்கும் சூடு அறியும் சின்ன உறுப்பை மறக்காமல் திரும்பப் பொருத்தச் சொல்லுங்கள். கடைக்காரர் நிக்கல்-மெட்டல் ஹைட்ரைடு செல் கொடுத்தால், பழைய சார்ஜருக்கு அது நிறைந்தது சரியாகத் தெரியாமல் போகலாம். சூடேறுகிறதா என்று தொட்டுப் பாருங்கள், ராத்திரி மாட்டிவிட்டுத் தூங்காதீர்கள்.

லித்தியம் வைத்திருப்பவர்களுக்கும் சில பழக்கங்கள் வேண்டும். முழுக்கக் காலியாக்கக் கூடாது. நாள்கணக்கில் வைப்பதானால் பாதி சார்ஜில், குளிர்ந்த இடத்தில் வையுங்கள். வெயிலில் நிற்கும் பைக் பெட்டிக்குள் விடாதீர்கள். ரொம்ப இறங்கிப்போன பேட்டரியைச் சார்ஜர் ஏற்க மறுத்தால் அது உங்களைக் காப்பாற்றுகிறது. இன்னொரு பேட்டரியை வைத்து அதை ஏமாற்றாதீர்கள். வீங்கியது, நசுங்கியது, தண்ணீரில் மூழ்கியது எதையும் திரும்ப ஏற்றக் கூடாது. 2023 டிசம்பர் மிக்ஜாம் வெள்ளத்தில் நனைந்ததைக் காயவைத்து ஓட்டுகிறேன் என்று ஒருவர் என்னிடமே சொன்னார். ஐயா, தயவுசெய்து வேண்டாம். பழைய லேப்டாப் செல்லை டிரில்லில் போடுவதும் வேண்டாம். டிரில் ஒரே மூச்சில் இழுக்கும் மின்னோட்டத்தை அந்த செல் தாங்காது.

பையனின் டிரில்லை இப்படித்தான் மீட்டோம். நானும் அவனும் ஒரு சனிக்கிழமை ரிச்சி தெருவுக்குப் போனோம். பன்னிரண்டு நிக்கல்-காட்மியம் செல், வெல்டிங் கூலி எல்லாம் சேர்த்து இரண்டாயிரத்துச் சொச்சம். டிரில் இப்போது ஓடுகிறது. ஆனால் ஒரு தொழிலாளி ஒரு நாள் கூலியை விட்டு, ஓய்வு பெற்ற வாத்தியாரைத் துணைக்கு அழைத்துக்கொண்டு தெருத்தெருவாக அலைந்தால்தான் அவன் சொந்த மெஷின் ஓடும் என்றால் அது ஏற்பாடா?

வீட்டு உபயோகக்காரர்களுக்கும் ஒரு வார்த்தை. வருடத்துக்கு நாலு ஆணிக்கு ஓட்டை போட உங்களுக்கு எதற்குக் கார்ட்லெஸ்? வயர் டிரில் வாங்குங்கள். இருபது வருடம் கழித்தும் பிளக்கில் சொருகினால் ஓடும். கார்ட்லெஸ் தேவைப்படுவது கரன்ட் வராத கட்டடத்தில், ஏணி மேல் நின்று வேலை பார்ப்பவனுக்கு. நியாயம் கேட்பதும் அவனுக்காகத்தான்.

இனி குப்பை விஷயம். காட்மியம் விஷம். ஜப்பானில் ஜின்சூ ஆற்றங்கரையில் சுரங்கக் கழிவுக் காட்மியம் வயலுக்குப் போய், சோற்றில் ஏறி, மக்களின் எலும்புகள் முறிந்தன. வலியில் அவர்கள் கத்திய 'இதாய் இதாய்' என்பதே அந்த நோய்க்குப் பெயரானது. 1968இல் அந்நாட்டு அரசே அதை மாசு நோய் என்று ஒப்புக்கொண்டது. ஐரோப்பா 2016 முடிவோடு கார்ட்லெஸ் கருவிகளுக்கான காட்மியம் பேட்டரி விற்பனைக்கு இருந்த விலக்கையும் நீக்கிவிட்டது. அப்படியானால் பழைய செல்லை ஏன் மறுபடி வாங்கினாய் என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. அந்தச் சார்ஜர் அதற்கென்றே செய்தது என்பதால் வாங்கினேன். கம்பெனி ஒரு பாதுகாப்பான மாற்று பேட்டரியையும் சார்ஜரையும் விற்றிருந்தால் வாங்கியிருக்க மாட்டேன்.

நம் நாட்டிலும் 2022 ஆகஸ்டில் பேட்டரிக் கழிவு மேலாண்மை விதிகள் வந்துவிட்டன. தயாரிப்பவரும் இறக்குமதி செய்பவரும் பழைய பேட்டரியைத் திரும்பச் சேகரித்து மறுசுழற்சிக்கு அனுப்பும் பொறுப்புள்ளவர்கள். குழியில் புதைப்பதும் எரிப்பதும் கூடாது. எழுத்தில் நன்றாகத்தான் இருக்கிறது. கழற்றிய பன்னிரண்டு செல்லையும் முனைகளில் டேப் ஒட்டி, ஒரு டப்பாவில் போட்டு, மூன்று கடைகளுக்கு எடுத்துப் போனேன். மூவரும் ஒரே பதில்: "காயலாங்கடைல போடுங்க சார்." கீழ்க்கட்டளை ஏரியின் உபரி நீர் நாராயணபுரம் ஏரி வழியாகப் பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்துக்குப் போகிறது. 2022இல் ராம்சர் பட்டியலில் சேர்ந்த சதுப்பு நிலம் அது. நாம் தெருவோரம் வீசும் ஒவ்வொரு செல்லும் அந்த வழியில்தான் கிடக்கிறது. அந்த டப்பா இன்னும் என் அலமாரியில் இருக்கிறது.

மத்திய அரசு 2022 ஜூலையில் 'பழுதுபார்க்கும் உரிமை'க்குக் குழு அமைத்தது. விவசாயக் கருவி, செல்போன், வீட்டு உபயோகப் பொருள், வாகனம் என்று நான்கு துறைகளைச் சொன்னார்கள். தச்சனின் டிரில்லும் ஏசி மெக்கானிக்கின் டிரில்லும் அதில் பெயர் சொல்லி இல்லை. ஐரோப்பாவின் 2023ஆம் ஆண்டு பேட்டரிச் சட்டமோ, ஒரு மாடலின் கடைசி மெஷின் சந்தைக்கு வந்த பிறகும் குறைந்தது ஐந்து வருடம் மாற்று பேட்டரி நியாயமான விலையில் கிடைக்க வேண்டும் என்கிறது. 2027 பிப்ரவரியில் அது நடைமுறைக்கு வருகிறது. அங்கே விற்கும் அதே கம்பெனிகளில் பலவும் இங்கேயும் விற்கின்றன. அங்கே முடிகிறது என்றால் இங்கே ஏன் முடியாது? நம் தொழிலாளியின் காசு மட்டும் செல்லாக் காசா?

என் கோரிக்கைகள் ஐந்துதான்:

ஒன்று: இந்த மாடலுக்கு எந்த வருடம் வரை பேட்டரி கிடைக்கும் என்று பெட்டியின் மேலேயே அச்சடிக்க வேண்டும். குறைந்தது பத்து வருடம்.

இரண்டு: வடிவத்தை மாற்றினால் பழைய மெஷினுக்கு அடாப்டரோ, சார்ஜரோடு மாற்று பேட்டரியோ தர வேண்டும்.

மூன்று: வோல்ட்டையும் வாட்-ஹவரையும் உண்மையாக எழுத வேண்டும். பொய்யாக எழுதுபவர்மேல் எடையளவுச் சட்டம் போல நடவடிக்கை வேண்டும்.

நான்கு: பேட்டரி விற்கும் ஒவ்வொரு கடையிலும் பழையதை வாங்கிப் போட ஒரு பெட்டி இருக்க வேண்டும்.

ஐந்து: ஐ.டி.ஐ.களில் பேட்டரி பேக் பழுதுபார்ப்பைத் தனிப் பயிற்சியாகச் சொல்லித்தர வேண்டும். பையன் வீட்டில் தீ வைத்த அந்தக் கடைக்காரரும் கெட்டவர் இல்லை. அவருக்கும் யாரும் சொல்லித்தரவில்லை.

நடை நண்பருக்குக் கடைசியாக: கம்பெனி தர்மசத்திரம் இல்லைதான். நாமும் யாரிடமும் தர்மம் கேட்கவில்லை. காசு கொடுத்து வாங்கிய பொருளுக்கு, காசு கொடுத்தே ஒரு பேட்டரி கேட்கிறோம்.

உங்கள் வீட்டிலோ தெரிந்த மெக்கானிக்கிடமோ பேட்டரி இல்லாமல் தூங்கும் மெஷின் இருந்தால், எந்த வருடம் வாங்கியது, எத்தனை வோல்ட், கடையில் என்ன பதில் சொன்னார்கள் என்று கீழே எழுதுங்கள். எல்லாவற்றையும் தொகுத்து நுகர்வோர் துறைக்கு மனுவாக அனுப்பப் போகிறேன். அந்தப் பன்னிரண்டு செல் டப்பாவை முறையாக வாங்கிக்கொள்ளும் இடம் தாம்பரம், பல்லாவரம் பக்கம் யாருக்காவது தெரிந்தால் அதையும் சொல்லுங்கள். நானே கொண்டுபோய்க் கொடுக்கிறேன்.